நடுக்குரல்

மூன்று சகோதரிகளில் நடுக்குரல் வான்மதியுடையது. மூத்தவள் சிவரூபினி மெட்டைப் பிடிப்பாள், இளையவள் டயனா மேல்சுருதியில் நிற்பாள், இருவருக்கும் இடையில் வான்மதி இழைவாள். யாழ்ப்பாணத்துப் பெற்றோருக்கு லண்டனின் டூட்டிங்கில் பிறந்த மூவரும் ஒரே நிறச் சட்டையில் பழைய ஆங்கிலப் பாட்டுகளைப் பாடிப் பதினெட்டு வருடம் மேடை மேடையாய்த் திரிந்தவர்கள். கடலோர அரங்குகள், உல்லாசக் கப்பல்கள் என்று எங்கே போனாலும், வித்தைக்காரருக்கும் நகைச்சுவைக்காரருக்கும் நடுவே இவர்களுக்குப் பதினைந்து நிமிடம்.

தைரொயிட் சத்திரசிகிச்சைக்குப் பிறகு வான்மதியின் குரல் சுருதியில் நிற்கவில்லை. அது அவளுக்குத் தெரியவில்லை. சொல்லியிருக்க வேண்டியவள் சிவரூபினி. சொல்ல வாய் வராமல், அவர்களுக்கு ஒலி பார்க்கும் சுஜீத்திடம் போனாள்.

"அவவின்ர மைக்கை மூடிப்போட்டு, பழைய பதிவில இருக்கிற குரலைப் போட ஏலுமே?"

"ஏலும்," என்றார் அவர்.

ஒரு வாரத்துக்குத்தான் என்று நினைத்தாள். இரண்டு வருடம் ஓடிவிட்டது. ஒலிபெருக்கியில் கேட்டது தான் அப்போது பாடும் குரல்தான் என்று வான்மதி நம்பியிருந்தாள்.

நத்தார்ப் பண்டிகைச் சமயம், தென் லண்டன் அரங்கொன்றில் பகல் காட்சி. இரண்டாவது பாட்டின் நடுவே வான்மதிக்கு இருமல் வந்தது. வாயைப் பொத்திக்கொண்டாள். அவளுடைய குரல் மட்டும் நிற்காமல் பாடிக்கொண்டே போனது. சிவரூபினிக்கு அவள் பக்கம் திரும்பத் துணிவு வரவில்லை.

ஒப்பனை அறையில் வான்மதி சப்பாத்தைக்கூடக் கழற்றாமல் இருந்தாள்.

"எவ்வளவு காலமா அக்கா?"

"ரெண்டு வருஷம்."

"டயனாவுக்கும் தெரியுமோ?"

டயனா சுவரைப் பார்த்துக்கொண்டு நின்றாள். "தெரியும். வாய் திறக்க வேண்டாமெண்டு நான்தான் சொன்னனான்," என்றாள் சிவரூபினி.

"காலமை காலமை உங்களுக்குப் பக்கத்தில இருந்துதானே பயிற்சி செய்தனான். பாத்துக்கொண்டே இருந்தனீங்கள், என்ன?"

சிவரூபினி தன் காதணியைக் கழற்றத் தொடங்கினாள்.

"நாளைக்கு என்ர மைக்கைத் திறந்துவிடச் சொல்லுங்கோ."

மறுநாள் கடைசிக் காட்சி. மைக் திறந்திருந்தது. முதல் இரண்டு பாட்டிலும் வான்மதி சறுக்கினாள். முன்வரிசையில் ஒருவர் பக்கத்திலிருந்தவரைப் பார்த்தார். மூன்றாவதான கடைசிப் பாட்டுக்கு வாத்தியம் கிடையாது. அதிலும் அவள் குரல் மெல்லக் கீழே இறங்கியது. சிவரூபினி யோசிக்கவேயில்லை. தானும் சுருதியை அந்த அளவுக்கு இறக்கினாள். டயனாவும் கூடவே இறங்கினாள். மூன்று குரலும் ஒட்டிக்கொண்டன. பிசகு இருந்த இடமே தெரியவில்லை. சபை எழுந்து நின்று கைதட்டியது. சிவரூபினிக்கு நெஞ்சிலிருந்த பாரம் கொஞ்சம் குறைந்தாற்போல இருந்தது.

திரும்பும்போது நோர்தன் லைன் ரயிலில் சிவரூபினியும் வான்மதியும் மட்டும்.

"கடைசிப் பாட்டில வேணுமெண்டுதானே இறங்கினனீங்கள்?"

"ஓம்."

"அதையும் எனக்குச் சொல்லாமத்தான் செய்தனீங்கள்."

வான்மதியின் குரலில் கோபம் இல்லை. களைப்புத்தான் இருந்தது.

கோடை மேடைகளுக்கு வந்த அழைப்பை அவள் வேண்டாம் என்றுவிட்டாள். மற்ற இருவரும் ஒருமுறை தனியே பாடிப் பார்த்தார்கள், சரிவரவில்லை, விட்டுவிட்டார்கள். இப்போது சந்தித்தால் பிள்ளைகளின் படிப்பைப் பற்றி, யாருடையவோ கலியாணத்தைப் பற்றிப் பேசுவார்கள். சிவரூபினி ஒவ்வொரு தடவையும் மன்னிப்பை வாய்வரைக்கும் கொண்டுவருவாள். அது எப்படியோ வான்மதிக்குத் தெரிந்துவிடும்.

"தேத்தண்ணி போடவோ அக்கா?" என்று எழுந்துவிடுவாள்.