ஈரக் காதோடு ஏரிக்குப் போனவர்

1

இந்தக் கதை கோபத்தில் பிறந்தது. எங்கள் ஊர்ப் பனிச்செவிச் சங்கத்தின் தலைவர் யால்மரி, பொதுச் சவுனாவின் வெந்நீராவியில் என் பக்கத்தில் துண்டுகூட இல்லாமல் உட்கார்ந்துகொண்டு, 'பிரபஞ்சத்தின் நினைவாற்றல்' பற்றிப் பேருரை ஆற்றினார். அம்மணமான மனிதர் பிரபஞ்சத்தைப் பற்றிப் பேசினால் எங்கே பார்ப்பது? நான் கூரையைப் பார்த்தேன். அவரைக் கிண்டலடித்து ஒரு கதை எழுதியே தீருவது என்று அங்கேயே முடிவு செய்தேன். அந்தக் கிண்டல் பாதி வழியிலேயே ஏரியில் வழுக்கி விழுந்துவிட்டது.

2

முதல் தொடக்கம்: 'ஏரி உறையும்போது இறந்தவர்கள் மெல்ல—'

வேண்டாம். யால்மரி வாடை அடிக்கிறது.

இரண்டாவது: 'பின்லாந்தின் மௌனம் என்பது—'

இதுவும் அவர்தான்.

சரி, நேராகவே சொல்கிறேன். பிப்ரவரியில் உறைந்த ஏரிமேல் காதை வைத்துப் படுத்தால், அதன்மேல் என்றோ எழுந்த ஒலிகளெல்லாம் கேட்கும் என்பது எங்கள் ஊர் நம்பிக்கை; பனிச்செவிச் சங்கத்தின் வேலையும் அதுதான். விதி ஒன்றுதான்: நம் மனிதர்களின் ஒலி நம் காதுக்குக் கேட்காது. அந்நியர் காதை இரவல் வாங்க வேண்டும்.*

(* வருடாவருடம் மே மாதத்தில் பனி உருகிவிடுகிறதே, ஞாபகம் எங்கே தங்கும் என்று யால்மரியிடம் கேட்டேன். "தண்ணி எதையும் மறக்காது" என்றார். பனியில் துளைபோட என்னிடம் வாங்கிப்போன கருவியைத் திருப்பித் தர அவர் மறந்து வெகுகாலமாகிறது.)

3

காது தேவைப்பட்டவள் ஐலா. பல குளிர்காலங்களுக்கு முன் கணவன் வெய்க்கோவோடு சண்டை. "போனா அப்படியே போயிடு" என்றாள். அவன் பனியில் காலால் உந்தி ஓட்டும் உந்துசறுக்கு வண்டியை எடுத்துக்கொண்டு ஏரிமேல் போனான். நடு ஏரியில் வண்டியை நிறுத்தி வெகுநேரம் நின்றதை மீன்பிடிப்பவர் ஒருவர் பார்த்திருக்கிறார். பிறகு பனிமழை மறைத்துவிட்டது. பனி எங்கோ உடைந்தது. வசந்தத்தில் உடல் கிடைத்தது.

அவன் போய்க்கொண்டிருந்தானா, திரும்பிக்கொண்டிருந்தானா? ஐலாவுக்குத் தெரிய வேண்டியது அவ்வளவுதான்.

அதற்கு ஓர் அடையாளம் உண்டு. வீடு திரும்பும்போது மட்டும் வெய்க்கோ சீழ்க்கையடிப்பான், 'காபி வை' என்று அர்த்தம். இதை அவள் யாரிடமும் சொன்னதில்லை. சொன்னால் இரக்கப்பட்டாவது சீழ்க்கை கேட்டதாகச் சொல்லிவிடுவார்களே.

4

காது கொடுப்பவர் எஸ்கோ. முதலில் அவரைப் பள்ளி ஆசிரியர் ஆக்கினேன். பேசுவதை நிறுத்தவே மாட்டேன் என்றார், அந்தப் பத்தியையே அடித்துவிட்டேன். இப்போது பல் மருத்துவர். இலையுதிர்காலத்தில் ஊருக்கு வந்தவர். வாய் பிளந்து கிடப்பவர்களிடம் கேள்வி கேட்டே பழகியவர் என்பதால், பதில் வராமல் காத்திருக்கத் தெரியும்.

பிற்பகல் வெளிச்சம் நீலமாகிக்கொண்டிருந்தது. பனிக்கடியில் நீண்ட நாதம் ஒன்று கரைக்குக் கரை போய்வந்தது, தூக்கத்தில் யாரோ திரும்பிப் படுப்பதுபோல.

"மூச்சை அடக்குங்க. காலம் தன் கதவைத் திறக்கப் போகுது" என்றார் யால்மரி.

"அது திறக்கட்டும் யால்மரி, நீ வாயை மூடு" என்றாள் ஐலா.

ஏரிக்கரைச் சவுனாவிலிருந்து ஆவி பறக்க நேராக வந்த எஸ்கோ, தொப்பியைக் கழற்றிக் காதைப் பனியில் வைத்துப் படுத்தார். ஈரக் காது. ஏரியைப் பக்கத்திலும் சவுனாவை அதைவிடப் பக்கத்திலும் வைத்திருக்கும் எங்களைப் போன்றவர்களால் மட்டுமே முடிந்த தவறு.

வெகுநேரம் அசையவில்லை. முகம் தூங்கும் குழந்தையினுடையதுபோல் ஆகிவிட்டது.

"டாக்டர்... ஏதாவது கேட்குதா?"

"கேட்குது. ஆனா ஐலா, காது வரமாட்டேங்குது."

"கடந்தகாலம் அவரைப் பிடிச்சுக்கிச்சு!" யால்மரி கைகளை வானத்துக்குத் தூக்கினார்.

"பனி பிடிச்சுக்கிச்சுய்யா. அந்த ஃபிளாஸ்க்கை எடு" என்றாள் ஐலா.

அவள் மண்டியிட்டாள். பாதி ஆறிப்போன காபியைக் காதைச் சுற்றிச் சொட்டுச் சொட்டாக ஊற்றினாள். சிரிப்பு வந்துவிட்டது அவளுக்கு. எஸ்கோவும் கிடந்தபடியே சிரித்தார். சிரிப்பு எந்த இடத்தில் நின்றது என்று இருவருக்குமே தெரியவில்லை.

"என்ன கேட்டுச்சு டாக்டர்? ஜோடிக்காதீங்க. கேட்டதை மட்டும் சொல்லுங்க."

காது விடுபட்டது. எஸ்கோ எழுந்து உட்கார்ந்தார். வாயைத் திறந்தார்.

5

முடிவு அ: "விசில் மாதிரி ஏதோ" என்கிறார். ஐலா மீதிக் காபியைக் கோப்பையில் ஊற்றிப் பனிமேல் வைக்கிறாள். (அழகாக இருக்கிறது. அதனாலேயே சந்தேகமாக இருக்கிறது.)

முடிவு ஆ: "வண்டி உரசுற சத்தம், தூரமாப் போய்க்கிட்டே இருந்துச்சு." ஐலா தலையாட்டி, ஃபிளாஸ்க்கை மூடி— (என்னால் எழுத முடியவில்லை.)

முடிவு இ: எஸ்கோ 'விசில்' என்றதும், பனி தானாகவே சீழ்க்கைபோல ஒலிக்கும் என்று யால்மரி விளக்குகிறார். (அவர் சொல்வது ஒருமுறையாவது சரியாக இருப்பது எனக்குப் பிடிக்கவில்லை.)

நிஜமாகவே எது? நானும் இந்தப் பக்கத்தில் காதை வைத்துப் பார்த்துவிட்டேன். ஒன்றும் கேட்கவில்லை. கேட்காதுதான். இவர்கள் என் மனிதர்கள். விதி எனக்கும் உண்டு.

நீங்கள் அந்நியர். எஸ்கோ இன்னும் வாயைத் திறந்தபடிதான் இருக்கிறார், ஐலா இன்னும் மண்டியிட்டபடி. வாருங்கள், படுங்கள். காதை நன்றாகத் துடைத்துவிட்டு வாருங்கள். ஃபிளாஸ்க்கில் காபி அதிகம் இல்லை.

கேட்டதை மட்டும் அவளிடம் சொல்லுங்கள். சீழ்க்கையைப் பற்றி நான் உங்களிடம் எதுவும் சொல்லவில்லை.