கால் முளைத்த கோட்டு

“கையைத் தூக்குங்க.”

“தூக்கிட்டேன். இதுக்கு மேல தூக்கினா சரணடைஞ்ச மாதிரி இருக்கும்.”

“சிரிக்காதீங்க, ஊசி குத்திடும்.”

“இந்தக் கிழிசலோட கேமரா முன்னாடி போயிருந்தா முதல் நாளே என் மானம் கப்பலேறியிருக்கும். காப்பாத்திட்டீங்க. பதிலுக்கு ஏதாவது கேளுங்க.”

“எனக்கு ஒண்ணும் வேணாம்.”

“அப்படின்னா பாக்கி இருக்கட்டும். எப்ப வேணும்னாலும் கேளுங்க. மாட்டேன்னு சொல்ல மாட்டேன்.”

மூன்று வருடங்களுக்கு முன்னால் ஓர் உடை வண்டிக்குள் நடந்த பேச்சு இது. சொன்னவர் அன்று மாலையே மறந்திருக்கலாம். நடிகர்கள் ஒரு நாளைக்கு எத்தனை வசனம் பேசுகிறார்கள், எல்லாவற்றையும் ஞாபகம் வைத்துக்கொள்ள முடியுமா? கேட்டவள் மறக்கவில்லை. சட்டைக் காலரில் நூல் கோத்த ஊசியைக் குத்தி வைத்துக்கொள்வதைப் போல, அந்த வாக்கையும் கைக்கெட்டும் இடத்திலேயே குத்தி வைத்திருந்தாள்.

படப்பிடிப்பில் எல்லோரும் அவளை ஊசி என்றுதான் கூப்பிடுவார்கள். வேலையும் அதுதான், உடம்பும் அப்படித்தான். கிழிந்தது எதுவானாலும் தைத்துவிடுவாள். வாய் திறந்து ஒன்றைக் கேட்கிற வித்தை மட்டும் அவளுக்குக் கைவரவில்லை. பஸ்ஸில் பக்கத்து ஆளிடம் ஜன்னலைச் சாத்துங்கள் என்று கேட்க வாயில்லாமல் மழைச்சாரலில் தொப்பலாக நனைந்து வீடு வந்து சேருகிற பிறவி என்று அவளுடைய அக்கா சொல்வாள். அக்கா சொல்வதில் பாதி பொய்யாக இருக்கும். இது அந்தப் பாதியில் சேராது.

தொலைக்காட்சித் தொடரின் கதை எளிமையானது. நகரத்திலிருந்து வந்த ஓர் இளம் தம்பதிக்குப் பழைய பண்ணை வீடு ஒன்று சொத்தாக வருகிறது. வீட்டோடு பேய்களும் வருகின்றன. அவற்றில் ஊர் முழுவதற்கும் பிடித்த பேய் காரியஸ்தர். நூற்றைம்பது வருடத்துக்கு முன்பு இந்தப் பண்ணையின் கணக்குவழக்கைப் பார்த்தவர். ஓடிப்போன பன்றியைத் துரத்திக்கொண்டு போய்ச் சேற்றுக் குட்டையில் விழுந்து உயிரை விட்டவர். செத்த பிறகும் அந்தப் பன்றியைத் தேடிக்கொண்டே சுவருக்குச் சுவர் புகுந்து போவார். அதில் நடித்தவரையும் எல்லோரும் காரியஸ்தர் என்றே கூப்பிட்டுப் பழகிவிட்டார்கள்.

செத்தவர்கள் துணி மாற்ற மாட்டார்கள். ஊசியின் தலைவலி அதில்தான் ஆரம்பம். காரியஸ்தர் எந்தக் காட்சியில் வந்தாலும் அதே கோட்டு, இடது பைக்குக் கீழே அதே சேற்றுக் கறை, மூன்றாவது பொத்தான் இல்லாத அதே இடம். பார்க்கிறவர்களுக்கு அது ஒரு கோட்டு. வண்டிக்குள்ளே வரிசையாக ஐந்து தொங்கும். புதுத் துணியை டீத் தண்ணீரில் ஊறவைத்து, உப்புத்தாளால் தேய்த்து, முழங்கையைக் காய் துருவியால் சுரண்டி, ஒவ்வொன்றையும் நூற்றைம்பது வயதாக்குவாள். காரியஸ்தர் அவற்றை முறை வைத்துக் கிழித்துக்கொண்டு வருவார். கதவுத் தாழ்ப்பாளில் மாட்டியது, ஆணியில் இழுத்தது, எங்கே கிழிந்தது என்றே தெரியவில்லை என்று தினம் ஒரு காரணம். இத்தனை கிழிக்கிற மனிதரை அவள் தன் அனுபவத்தில் பார்த்ததில்லை.

தொடரின் டைரக்டர் முதல் நாளே ஒரு சட்டம் போட்டிருந்தார். உயிரோடிருப்பவர்களாக நடிக்கிறவர்கள் பேய்களைப் பார்க்கவே கூடாது. கேமரா ஓடாத நேரத்திலும் கூடாது, அப்போதுதான் கண் பழகும் என்றார். கண் நன்றாகவே பழகியது. கூட்டத்தில் நிற்பதற்கு அக்கம்பக்கத்து ஆட்களே வருவார்கள்: பால்காரர், தபால்காரம்மா, ரிடையரான வாத்தியார், அவர் மனைவி. மூன்று வருடத்தில் அவர்கள் அத்தனை பேரும் தேர்ந்துவிட்டார்கள். சாப்பாட்டு வரிசையில் காரியஸ்தர் நின்றால் அவருக்குப் பின்னால் இருப்பவருக்குத்தான் கரண்டி போகும். அவரும் மாறிப்போனார். யாருக்கும் வழிவிட மாட்டார், யாரையும் விலகச் சொல்லவும் மாட்டார். கூட்டத்துக்குள் காற்றுப் போலப் புகுந்து போவார். கடைத்தெருவில் யாராவது வணக்கம் சொன்னால் திடுக்கிட்டுத் திரும்பிப் பார்ப்பார்.

அந்த இடத்தில் அவரைப் பார்த்த ஒரே ஆள் ஊசி. அவளும் காலரைப் பார்த்தாள், கைமடிப்பைப் பார்த்தாள், கறையைப் பார்த்தாள். முகத்தைப் பார்த்தால் வாய் தானாகத் திறந்து உள்ளே இருப்பதெல்லாம் கொட்டிவிடுமோ என்று பயம். அதனால் அவர் வந்தாலே இரண்டு குண்டூசிகளை எடுத்துப் பல்லிடுக்கில் வைத்துக்கொள்வாள். வாயில் குண்டூசி இருக்கிறவளிடம் யாரும் பேச்சை எதிர்பார்ப்பதில்லை.

வீட்டில் இந்தத் தந்திரம் பலிக்கவில்லை. அவளுடைய அப்பா ஓய்வுபெற்ற பஸ் டிரைவர். தொடர் ஓடும்போது யாராவது இருமினால்கூட வண்டியை நிறுத்தி இறக்கிவிடுகிற மாதிரி முறைப்பார். காரியஸ்தர் சுவருக்குள் புகுந்தால், நம்ம வீட்டுச் சுவர் ஒன்றும் அவ்வளவு கனமில்லை, ஒரு நாள் இந்தப் பக்கமும் வரலாமே என்று டிவியைப் பார்த்துச் சொல்வார். சொல்லிவிட்டு ஓரக்கண்ணால் மகளைப் பார்ப்பார். பேய் மாப்பிள்ளை என்று பெயர் வைத்ததும் அவர்தான். அக்கா அதற்கும் மேலே போனாள்.

“அந்த மனுஷன் கோட்டுக்கே இவ்வளவு பாடுபடறியே, அதுக்குள்ள ஒரு ஆள் இருக்காருன்னு உனக்கு யாரும் சொல்லலையாடி?”

தொடர் முடிகிற வாரமும் வந்தது. இன்னும் சில காட்சிகள் எடுத்தால் பேய்களுக்கு விடுதலை. காரியஸ்தர் ஒரு பக்கம் போவார், அவள் ஒரு பக்கம் போவாள். கேட்பதாக இருந்தால் இப்போது கேட்க வேண்டும். ஒவ்வொரு நாள் காலையும் இன்றைக்குக் கேட்டுவிடுகிறேன் என்று கிளம்பிப் போய், மாலையில் கைமடிப்பைத் தைத்துவிட்டுத் திரும்பி வந்தாள்.

அந்த வாரத்தில்தான் பின்பக்கத்துக் கோதுமை வயலுக்கு ஒரு சினிமாக் குழு வந்து இறங்கியது. காரியஸ்தர் காலத்துக் கதை. போருக்குப் போகிறவன், வயலில் நின்று வழியனுப்புகிறவள். தார் ரோட்டின் மேல் மண்ணைக் கொட்டினார்கள். மின்கம்பத்துக்குக் கிளைகளைக் கட்டி மரமாக்கினார்கள்; ஒரே வெயிலில் அது வாடி, ஊரிலேயே நோய் கண்ட மரம் அது ஒன்றுதான் என்று ஆனது. ஆடுகளின் காதிலிருந்த மஞ்சள் அடையாள வில்லைகளுக்குச் சேறு பூசினார்கள். படத்தின் டைரக்டர் ஒரு பெரிய அம்மாள். மழை இருந்தாலும் இல்லாவிட்டாலும் கையில் குடை இருக்கும், கோபம் வந்தால் அதன் நுனி தரையில் குத்தும். குடையம்மா என்று பால்காரர் பெயர் வைத்தார். பேய்த் தொடரில் அந்த வாரம் வீட்டுக்குள் எடுக்கிற காட்சிகளே இருந்ததால் கூட்டத்து ஆட்களைக் குடையம்மா இரவல் வாங்கிக்கொண்டார். வழியில் நின்று வேற்று ஆட்களை மறிக்கும் காவலாளியும் சேர்ந்தே இரவல் போனார்.

முக்கியமான காட்சி சாயங்கால வெயிலில். கோதுமையை நிஜமாகவே அறுத்து, கட்டுகளைத் தூக்கிக்கொண்டு கூட்டம் வீடு திரும்ப, நடுவில் அவனும் அவளும் பேசாமல் நிற்க வேண்டும். அறுத்த கோதுமை மறுபடி நிற்காது. ஒரு தரம்தான் எடுக்க முடியும்.

உடை வண்டி வயலுக்கு அந்தப் பக்கம் நின்றது. வாசற்படியில் உட்கார்ந்து பொத்தான் தைத்துக்கொண்டிருந்த ஊசி நிமிர்ந்து பார்த்தபோது, கையிலிருந்த நூல் அப்படியே நின்றது. காரியஸ்தர் வருகிறார். கிழிந்த கைமடிப்பைப் பிடித்துக்கொண்டு, எதையோ யோசித்து உதட்டை அசைத்தபடி, நேர்க்கோட்டில் வயலுக்குள் வந்துகொண்டிருக்கிறார். காவலாளி அவரைத் தடுக்கவில்லை. பழக்கம். பால்காரர் கோதுமைக் கட்டைத் தோள் மாற்றிக்கொண்டு அவரைத் தாண்டிப் போனார். தபால்காரம்மா அவருக்கு அப்பாலிருந்த ஆளைப் பார்த்துச் சிரித்தாள். காரியஸ்தர் காதலர்கள் இருவருக்கும் நடுவில் புகுந்து, மெல்ல, “மன்னிக்கணும்,” என்று சொல்லிவிட்டு நடந்தார். ஒரு தரம்தான் எடுக்க முடியும் என்பதால் அவர்கள் இருவரும் கண்ணைக்கூட அசைக்கவில்லை.

அந்த ஊர் ஜீவன்களில் பேயைப் பார்க்கக் கூடாது என்று பழக்கப்படாதது ஆடு காக்கும் நாய் ஒன்றுதான். அது குரைத்தது. காரியஸ்தர் விழித்துப் பார்த்தார். கேமராவைப் பார்த்தார். பிறகு ஓட்டம் பிடித்தார்.

வயலைத் தாண்டி நேராக உடை வண்டிக்குள் பாய்ந்து வந்தார். ஊசி அவரைக் கோட்டுகள் தொங்கிய வரிசைக்கு நடுவில் நிறுத்தி, இரண்டு பக்கமும் இழுத்து மூடினாள்.

வெளியே விசாரணை தொடங்கியது. குறுக்கே போனவன் யார் என்று குடையம்மா கேட்க, இங்கே யாரும் வரவில்லையே என்றார் பால்காரர். காற்றுதான் அடித்தது என்றாள் தபால்காரம்மா. வாத்தியார் மட்டும், அப்படி ஒரு ஆள் வந்திருந்தால் எனக்குத் தெரியாமல் இருக்குமா என்று கோபித்துக்கொண்டார். அவர்கள் பொய் சொல்லவில்லை. மூன்று வருடப் பயிற்சி பேசியது. பதிவானதை ஓட்டிப் பார்த்தால் திரையில் ஆள் தெளிவாக நடந்து போகிறான். உதவி டைரக்டர் இரண்டடி பின்னால் நகர்ந்து நின்றுகொண்டார். கடைசியில் நாய்தான் வழிகாட்டியது.

குடையம்மா வண்டிக்குள் ஏறி, குடை நுனியால் கோட்டுகளை ஒவ்வொன்றாகத் தொட்டுக்கொண்டு வந்தார்.

“இத்தனையும் ஒரே ஆளுக்கா?”

“ஆமாங்கம்மா.” ஊசியின் குரல் அவளுக்கே கேட்கவில்லை.

“நல்ல கை. கறை, கிழிசல் எல்லாம் அச்சு அசலா ஒண்ணா இருக்கு.” குடை ஓரிடத்தில் நின்றது. “இந்தக் கோட்டுக்கு மட்டும் கால் முளைச்சிருக்கே, அது ஏம்மா?”

நாய் அந்தக் கால்களின் முன்னால் உட்கார்ந்து வாலை ஆட்டியது. காரியஸ்தர் வெளியே வந்து, கூலி இல்லாமல் கோதுமை விதைத்துத் தருகிறேன் என்கிற அளவுக்கு மன்னிப்புக் கேட்டார். குடையம்மா கையமர்த்தினார். அவர் எடுக்கிற படத்தில் கதை தொடங்கும் முன்பே கதாநாயகனின் அப்பா செத்துப்போகிறார். அந்த இழப்பைச் சொல்ல எத்தனையோ வசனம் எழுதிப் பார்த்தாராம், ஒவ்வொன்றும் வசனமாகவே இருந்ததாம். இன்றைக்குச் சேறு பட்ட கோட்டோடு ஒருவர் அந்த வயலில் நடந்து போகிறார், யாருக்கும் தெரியவில்லை, மகனுக்கும் தெரியவில்லை, மன்னிக்கணும் என்று வேறு சொல்லிவிட்டுப் போகிறார்.

“கண்ணுல தண்ணி வந்துடுச்சு. கோபத்துல வந்ததுன்னுதான் முதல்ல நினைச்சேன்,” என்றார் குடையம்மா.

மலை, கடற்கரை என்று இன்னும் பல மாதம் படப்பிடிப்பு இருக்கிறது, அப்பாவாக அவர் கூட வர வேண்டும், பேய்த் தொடர் முடிந்த மறுநாள் காலையில் பஸ் கிளம்புகிறது, அந்தக் கோட்டும் கட்டாயம் வேண்டும் என்று சொல்லிவிட்டு, குடையை ஊன்றி இறங்கிப் போனார். நாய் மட்டும் போகவில்லை.

காரியஸ்தர் அசையாமல் நின்றார். யாரும் பார்க்காத மனிதராக இருந்தவரை ஒரு பெரிய திரை பார்க்கப் போகிறது. அந்தச் சந்தோஷம் அவர் முகத்தில் மெல்லப் பரவுவதை ஊசி முதல் தடவையாக நேராகப் பார்த்தாள். அவளுக்கும் சந்தோஷமாகத்தான் இருந்தது. ஆனால் அவர் அந்த பஸ்ஸில் கிளம்பிவிடுவார். வழக்கம்போல இரண்டு குண்டூசிகளை எடுத்துப் பல்லிடுக்கில் வைத்துக்கொண்டு, கையைத் தூக்குங்கள் என்று சைகை காட்டினாள்.

அவர் தூக்கினார். கிழிசலைப் பிரித்துப் பார்த்தவள் புருவத்தைச் சுருக்கினாள். ஆணியில் மாட்டினால் துணி இழுபட்டுப் பிசிறியிருக்கும். இங்கே தையலின் நூல் ஒவ்வொன்றாக, அழகாக, அறுபட்டிருந்தது.

“கத்தரிக்கோல்தான்,” என்றார் காரியஸ்தர். “இது மட்டும் இல்ல. மூணு வருஷமா எல்லாமே.”

ஊசி நிமிர்ந்தாள்.

“முதல் நாள் ஒரு வாக்கு குடுத்தேன், ஞாபகம் இருக்கா? இன்னிக்காவது கேப்பீங்களான்னு தினமும் எதையாவது கிழிச்சுட்டு வந்தேன். நீங்க தச்சு அனுப்பிட்டே இருந்தீங்க. இன்னிக்கு நானே பேசிடலாம்னு வாய்க்குள்ள சொல்லிப் பார்த்துக்கிட்டே வந்தேன், எதிர்ல கேமரா இருக்கறதே தெரியல.” அவர் தூக்கிய கையை இன்னும் இறக்கவில்லை. “ஆனா பாக்கி உங்களோடது. நீங்கதான் முதல்ல கேக்கணும். போக வேணாம்னாலும் சொல்லுங்க, போகல.”

வண்டிக்கு வெளியே அறுத்த வயலில் ஆட்கள் சிரித்துப் பேசிக்கொண்டு போனார்கள். ஊசி பல்லிடுக்கிலிருந்து குண்டூசிகளை எடுத்தாள். ஒன்றைக் கைமடிப்பில் குத்தினாள், இன்னொன்றைக் காலரில் குத்தினாள். இனி வாயை மூடி வைக்க ஒன்றுமில்லை.

“மாட்டேன்னு சொல்ல மாட்டீங்கல்ல?”

“மாட்டேன்.”

“போயிட்டு வாங்க. நல்லா நடிச்சுட்டு வாங்க. வந்ததும் எங்க வீட்டுக்கு வரணும். சுவர் வழியா இல்ல, வாசல் வழியா. காலிங் பெல்லை அடிச்சு, உள்ள வந்து உக்காந்து, எங்கப்பாகிட்ட என்னைக் கேளுங்க.”