புனிதத்தின் மூக்கும் ஒரு தட்டு பட்டர் பிஸ்கற்றும்

1

இந்தக் கதையை நான் விரும்பி எழுதவில்லை. எங்கள் முதியோர் சங்கத்து ஆண்டு மலருக்குப் பக்கம் குறைகிறதென்று சண்முகநாதன் மாஸ்ரர் வந்து பிடித்துக்கொண்டார். அவர் ஊரில் படிப்பித்தவர். நான் ஐந்தாம் வகுப்போடு பள்ளிக்கூடத்துக்கு முதுகைக் காட்டினவன்.

"அண்ணை, பண்டிகைக் கதை ஒண்டு. நீங்கள் கதைக்கிற மாதிரியே எழுதுங்கோ, மிச்சத்தை நான் பாக்கிறன்" என்றார்.

மிச்சத்தை நான் பார்க்கிறேன் என்று சொல்கிற ஆட்களில் எனக்கு நம்பிக்கை இல்லை. கதை எழுதுகிறவர்களிலும் இல்லை. முடிவைத் தெரிந்து வைத்துக்கொண்டு, தெரியாத மாதிரி நடித்து, வாசிக்கிறவனை இழுத்துக்கொண்டு திரிவார்கள். நான் அப்படிச் செய்யமாட்டேன். இப்போதே சொல்லிவிடுகிறேன்: இந்தக் கதையில் ஒருவரும் சாகவில்லை. ஆறுதலாக இருந்து வாசியுங்கள். என் மனைவி புனிதவதியின் மூக்கைப் பற்றியதுதான் கதை. ஒரு தட்டு பட்டர் பிஸ்கற்றும் வரும்.

தொடக்கத்தைத் திருப்பித் திருப்பி எழுதினேன்.

பனி பொழிந்துகொண்டிருந்த ஒரு மார்கழி மாலையில்

(அன்றைக்குப் பனி இல்லை. மழை. நத்தாருக்கு, அதுதான் கிறிஸ்மசுக்கு, முதல் ரொறன்ரோவில் பெய்கிற அந்தச் சனியன் பிடித்த மழை. மாஸ்ரர் "பனி எண்டே போடுங்கோ, வடிவா இருக்கும்" என்றார். பெய்யாத பனியை நான் ஏன் போடவேண்டும்?)

வாசனை என்பது மனிதனின்

(இது மாஸ்ரர் எழுதித் தந்த வரி. மனிதனின் என்ன என்று அவருக்கும் தெரியவில்லை. விட்டுவிட்டோம்.)

என் மனைவிக்கு மூக்கு வேலை செய்யவில்லை.

இதுதான் சரி. இதிலிருந்து போகிறேன்.

2

என் மனைவிக்கு மூக்கு வேலை செய்யவில்லை. உலகம் முழுக்க வந்த அந்தக் காய்ச்சல் எங்கள் இருவருக்கும் வந்தது. எனக்கு இருமலோடு போனது. அவளுக்குக் காய்ச்சல் போனது, இருமல் போனது, போன மணம் மட்டும் திரும்பி வரவில்லை.

அதற்கு முதல் அது எப்படிப்பட்ட மூக்கு என்று சொல்லவேண்டும். சென் ஜேம்ஸ் ரவுணில் எங்கள் கட்டடத்து லிஃப்ட் மாடிக்கு மாடி நின்று கதவு திறக்கும். புனிதம் உள்ளே நின்றபடியே சொல்லுவாள்: "இஞ்ச ஆரோ கருவாடு பொரிக்கினம். கருவாடு பழசு." அடுத்த மாடியில்: "உவை வீட்டுப் பால் அடிப்பிடிச்சிட்டுது." நான் பொலிஸ் நாயையெல்லோ கட்டியிருக்கிறன் என்று பகிடி விடுவேன். "அப்ப கவனமா இருங்கோ" என்பாள்.

மூக்குப் போன பிறகும் சமைத்தாள். கை தன்பாட்டில் சமைக்கும். ஆனால் ஒவ்வொன்றுக்கும் என்னைக் கூப்பிட வேண்டியிருந்தது. "இஞ்சாருங்கோ, பால் பழுதோ எண்டு மணந்து பாருங்கோ." "இஞ்சாருங்கோ, வெங்காயம் கருகுதோ?" சாப்பாடு எப்படி என்று கேட்டால், "ரீவியில சாப்பாடு பாக்கிற மாதிரிக் கிடக்கு" என்பாள்.

அதையும் தாங்கலாம். தாங்கமுடியாதது இது: குளித்துவிட்டு வந்து என் முன்னால் நின்று, "என்னில ஏதும் மணக்குதோ?" என்று கேட்பாள். இல்லை என்றால் நம்பமாட்டாள். திரும்பவும் போய்க் குளிப்பாள். இந்த நம்பாத குணம் காய்ச்சலில் வந்ததல்ல, என்னிடமிருந்து தொற்றியது. பிறகு கோயிலுக்கு வரமாட்டேன் என்றாள். தங்கச்சியின் மகள் கலியாணத்துக்கும் போகவில்லை. பக்கத்தில் இருக்கிற ஆட்கள் மூக்கைச் சுளிப்பார்களாம், ஏனென்று தனக்கு விளங்காதாம். வைத்தியரிடம் போவதைத் தவிர வெளிக்கிடுவதை விட்டுவிட்டாள். வீட்டுக்குள்ளேயே வற்றிப்போய்க்கொண்டிருந்தாள்.

மகள் லக்சிகா மிசிசாகாவிலிருந்து சின்னச் சின்னப் போத்தல்கள் கொண்டுவந்தாள். எலுமிச்சை, கராம்பு, ரோஜா, யூக்கலிப்ரஸ். தினமும் மணந்து மணந்து மூக்கைப் பழக்கவேண்டுமாம். புனிதம் மணந்தாள். கொஞ்ச நாளில் "ஓம், கராம்பு தெரியுது" என்றாள். "ஓம், ரோஜாவும்." மகளுக்குச் சந்தோசம். எனக்குச் சந்தேகம். போத்தல்களின் பெயர் மூடியில்தான் ஒட்டியிருந்தது. மூடிகளை மாற்றிப் பூட்டி வைத்தேன். அவள் யூக்கலிப்ரசை மணந்துவிட்டு, "என்ன அருமையான ரோஜா" என்றாள்.

(அடிக்குறிப்பு மாதிரி ஒன்று: மூடி மாற்றினதை எடுத்துவிடச் சொல்கிறார் மாஸ்ரர். வாசகருக்கு என்னில் வெறுப்பு வருமாம். வரட்டும். கண்டுபிடித்த பொய்யைக் கண்டுபிடிக்கவில்லை என்று எழுதமுடியாது.)

"ஏனப்பா பொய் சொன்னனி?" என்று கேட்டேன்.

"நீங்களும் பிள்ளையும் என்ர மூஞ்சையையே பாத்துக்கொண்டு நிக்கிறியள். வேற என்னத்தைச் சொல்ல?"

அதற்குப் பிறகு அவள் "ஓம்" என்று சொன்னால் நான் நம்புவதில்லை. இதை மறக்காமல் வைத்திருங்கள். பிறகு தேவைப்படும்.

3

இனி ஜேர்மன்காரி வரவேண்டும். இவள் தேவையா என்று எனக்கே சந்தேகமாக இருந்தது. அவளை வெட்டிவிட்டு, செய்முறையை ரீவியில் பார்த்ததாக எழுதிப் பார்த்தேன். கதை நடந்தது, ஆனால் நொண்டி நொண்டி நடந்தது. திரும்பக் கூப்பிட்டேன்.

எங்கள் மாடியில் லிஃப்டுக்குப் பக்கத்து வீடு. பெயர் ஹன்னலோர. என் வாயில் நிற்காத பெயர். தனி மனுசி, என்னைவிட மூத்தவள். உடுப்புத் தோய்க்கிற அறையில், மெசின் நின்ற கையோடு என் ஈர உடுப்பை அள்ளி வெளியே வைத்துவிட்டுத் தன்னுடையதைப் போடுகிறவள். ஆகவே இவளை ஒரு தெய்வம் மாதிரி நினைத்துக்கொள்ளாதீர்கள்.

ஆனால் நத்தார் வருகிறதென்றால் பட்டர் பிஸ்கற் சுடுவாள். நட்சத்திரம், பிறை, இதயம். மாடி முழுக்க வாசம் நிற்கும். லிஃப்டால் இறங்கினதும் புனிதம் பையைக் கீழே வைத்து, கண்ணை மூடி, மூச்சை இழுத்து, "ஜேர்மன்காரி தொடங்கியிட்டா" என்பாள். நாங்கள் சைவக்காரர். எங்களுக்கு நத்தார் என்றால் அவ்வளவுதான்.

இந்த முறை கிளினிக்குக்குப் போய்த் திரும்பி வந்து இறங்கினோம். பட்டர் வாசம் முகத்தில் அடித்தது. புனிதம் நிற்கவில்லை. சாவியைத் தேடிக்கொண்டே அந்தக் கதவைத் தாண்டிப் போனாள்.

இந்த இடத்தில் மனம் பட்ட பாட்டை எழுதச் சொல்கிறார் மாஸ்ரர். அதை எப்படி எழுதுவதென்று எனக்குத் தெரியாது. அவள் உள்ளே போனதும் நான் திரும்பி வந்து ஜேர்மன்காரியின் கதவைத் தட்டினேன். அதைத்தான் எழுதமுடியும்.

(அவள் பேசியது இங்கிலிஸ். நான் பேசியது என்னுடைய இங்கிலிஸ். இரண்டையும் தமிழில் தருகிறேன். பிழையென்றால் அவள் வந்து திருத்தட்டும்.)

"என்ன?" என்றாள். கையெல்லாம் மா.

"இந்த பிஸ்கற் எப்படிச் செய்வது?"

"எதற்கு?"

"என் வீடு மணக்கவேண்டும்."

என்னை மேலும் கீழும் பார்த்தாள். "ஒரு பங்கு சீனி, இரண்டு பங்கு பட்டர், மூன்று பங்கு மா. நிறுத்துப் போடு. ஒரு சிட்டிகை உப்பு. கொஞ்சம் எலுமிச்சந்தோல். குழை, குளிரவை, தட்டையாக்கு, வெட்டு, சுடு. ஓரம் பொன்னிறமானதும் எடு."

"முட்டை?" என்று பயத்தோடு கேட்டேன். திருவெம்பாவை நாள். முட்டை எங்கள் வீட்டுக்குள் வராது.

"சிலர் போடுவார்கள். நான் போடுவதில்லை."

"வேறு?"

"வேறு ஒன்றும் இல்லை."

நான் நம்பவில்லை. உள்ளதை உள்ளபடி யார் சொல்லிக்கொடுப்பார்கள்? எதையோ ஒன்றை மறைக்கிறாள் என்று நினைத்துக்கொண்டு அங்கேயே நின்றேன். அவள் உள்ளே போய்த் தகரத்தில் செய்த நட்சத்திர அச்சு ஒன்றைக் கொண்டுவந்து நீட்டினாள்.

"கழுவிக் கொண்டுவா. இன்றைக்கே" என்று கதவைச் சாத்தினாள்.

4

புனிதம் மத்தியானம் சாப்பிட்டுவிட்டு அறைக் கதவைச் சாத்திக்கொண்டு படுத்தாள். நான் தொடங்கினேன். அவளுக்குச் சொல்லவில்லை. சொன்னால் "ஓம், நல்ல வாசம்" என்பாள்.

முதலில் ஓவனைக் காலிசெய்ய வேண்டும். எங்கள் ஆட்களின் வீட்டில் ஓவன் என்பது அலுமாரி. தாச்சி, இடியப்ப உரல், பெரிய சட்டி, அதற்குள் சின்னச் சட்டி, தொலைந்துபோனதென்று வேறு வாங்கிய அகப்பை, எல்லாம் உள்ளேயிருந்து வந்தன. சத்தம் வராமல் ஒவ்வொன்றாகச் சோபாவில் வைத்தேன்.

தராசு இல்லை. தேத்தண்ணிக் கோப்பையால் அளந்தேன். சின்க்குக்குக் கீழே வாளி இருந்தது, மா அள்ளினேன். எலுமிச்சந்தோல் சுரண்டினேன். குழைத்தேன்.

குழையவில்லை. பிடித்தால் பிடி, விட்டால் மணல். இன்னும் பட்டர் போட்டேன். மணல் ஈரமானது, அவ்வளவுதான். நான் நினைத்தது சரி, ஜேர்மன்காரி எதையோ மறைத்துத்தான் விட்டாள். வாய்க்குள்ளேயே அவளை ஏசினேன். குளிரவைத்து எடுத்து அச்சை வைத்து அழுத்தினால், நட்சத்திரம் கை கால் முறிந்து வந்தது. கடைசியில் உள்ளங்கையில் வைத்து அமத்தித் தட்டினேன். நட்சத்திரம் வடையானது.

ஓவனுக்குள் தள்ளிவிட்டு, புகையிழுக்கிற காற்றாடியை நிறுத்திவிட்டு இருந்தேன்.

முதலில் பட்டர் வாசம் வந்தது. பிறகு சீனி. அறைக் கதவுக்குக் கீழே கொஞ்சம் இடைவெளி இருக்கிறது. அதையே பார்த்துக்கொண்டிருந்தேன். இந்த வயதில் ஒரு கதவின் அடியைப் பார்த்துக்கொண்டு இருப்பாய் என்று முதலே யாராவது சொல்லியிருந்தால் அடித்துக் கலைத்திருப்பேன்.

5

மாஸ்ரர் எழுதித் தந்த முடிவு:

கதவு மெல்லத் திறந்தது. புனிதவதியின் விழிகளில் நீர்த்துளிகள். "வாசம் வருகிறது" என்றபடி என் தோளில் சாய்ந்து

(அவள் தோளில் சாய்கிற ஆள் இல்லை.)

நான் எழுதின முடிவு:

அவள் எழும்பவில்லை. நான் பிஸ்கற்றையெல்லாம் பையில் கட்டிக் குப்பைக் குழாயில் போட்டுவிட்டு, சட்டிகளைத் திரும்ப ஓவனுக்குள் அடுக்கி

(இதுதான் நடக்கும் என்று இருந்தேன். எந்தச் சட்டியை முதலில் வைப்பது என்றுகூட யோசித்துவிட்டேன்.)

நடந்தது இது. சாத்தின கதவுக்குப் பின்னாலிருந்து ஒரு குரல் வந்தது. அழுகிற குரல் இல்லை, ஏசுகிற குரல்.

"இஞ்சாருங்கோ! ஆர் உங்களை என்ர அவிச்ச மாவில கை வைக்கச் சொன்னது?"

"என்ன மா?"

"அவிச்ச மா! நாளைக்கு இடியப்பத்துக்கெண்டு அவிச்சு அரிச்சு வைச்சனான். உதை ஏன் போட்டுக் காய்ச்சுறியள்?"

குனிந்து சின்க்குக்குக் கீழே பார்த்தேன். இரண்டு வாளிகள். ஒன்றுக்குச் சிவப்பு மூடி, ஒன்றுக்கு நீல மூடி. எங்கள் வீடுகளில் கோதுமை மாவை நீராவியில் அவித்து அரித்து வைப்போம். அவித்த மாவில் பசை இருக்காது, அதுதான் மணலாய்ப் போயிருக்கிறது. ஜேர்மன்காரி எதையும் மறைக்கவில்லை. நான்தான் வாளி மாறி அள்ளியிருக்கிறேன். அள்ளின எனக்கே தெரியாது. கதவைச் சாத்திக்கொண்டு படுத்திருந்தவளுக்கு எப்படித் தெரியும்?

நான் உடனே துள்ளிக் குதித்தேன் என்று நினைக்கிறீர்களா? என்னை உங்களுக்குத் தெரியாது. அவித்த மா வாளியின் சிவப்பு மூடி திறக்கும்போது டப்பென்று சத்தம் போடும். அதைக் கேட்டிருப்பாள் என்று நினைத்தேன்.

கதவு திறந்தது. கொண்டையை முடிந்துகொண்டு வந்தவள், சோபாவில் இருந்த சட்டிகளைக் கண்டு தலையில் கை வைத்தாள். நான் தட்டை வெளியே எடுத்து நீட்டினேன்.

"புனிதம், பட்டர் மணக்குதோ?"

குனிந்து நன்றாக இழுத்தாள். "ஓம்" என்று சொல்லப் போகிறாள் என்று எனக்குப் பயம்.

"இல்லை" என்றாள். "பட்டர் தெரியேல்ல."

"எலுமிச்சை?"

"இல்லை. உதுக்க அதுவும் போட்டனியளோ?"

"அப்ப என்னதான் மணக்குது?"

"மா. அவிச்ச மா காயிற மணம். நேற்று அவிக்கேக்கையும் ஒண்டும் தெரியேல்ல. இப்ப நித்திரையில வந்து எழுப்பினது." திரும்பவும் குனிந்தாள். குரல் இறங்கிப் போனது. "வருகுதப்பா. மா மட்டும் வருகுது."

ஓடிப்போய்ப் போத்தல்களைக் கொண்டுவந்தேன். கராம்பு. "இல்லை." ரோஜா. "இல்லை." யூக்கலிப்ரஸ். "இல்லையப்பா, எத்தினை தரம் சொல்லுறது?"

மூடிச் சத்தத்தைக் கேட்டுப் பொய் சொல்கிறவள் பட்டரையும் ரோஜாவையும் சேர்த்தே சொல்லியிருப்பாள். இவள் ஒன்றை வைத்துக்கொண்டு மற்றதையெல்லாம் இல்லை என்கிறாள். எங்கள் கலியாணத்துக்கு அவள் "ஓம்" என்று சொன்ன நாளில்கூட நான் இவ்வளவு சந்தோசப்படவில்லை. சட்டிகளுக்கு நடுவில் சோபாவில் தொப்பென்று இருந்துவிட்டேன்.

"என்னப்பா செய்யுது?"

"ஒண்டுமில்லை. இன்னொருக்கா இல்லை எண்டு சொல்லு."

"எனக்கு மூக்கு, உங்களுக்கு மூளை" என்றாள். "எழும்பி அந்தச் சேர்ட்டைக் கழட்டுங்கோ."

"ஏன், மணக்குதோ?"

"உதுக்கு மூக்குத் தேவையில்லை. கண்ணே காணும். நெஞ்செல்லாம் மா."

6

பிஸ்கற்றை வாயில் வைத்தால் உதிர்ந்துபோகிறது. புனிதம் ஒன்றைத் தின்றுவிட்டு "மண் மாதிரிக் கிடக்கு" என்றாள். பிறகு இன்னொன்றை எடுத்து, தின்னாமல் மூக்குக்குக் கிட்ட வைத்துக்கொண்டு கனநேரம் இருந்தாள்.

அச்சைக் கழுவினேன். அவள் அதை வாங்கி, ஒரு கோப்பையில் பிஸ்கற் அடுக்கி, தலையை வாரி இழுத்துவிட்டு, தானே கொண்டுபோய்க் கொடுக்கிறேன் என்று வெளிக்கிட்டாள். வாசலில் நின்று என்னைத் திரும்பிப் பார்த்தாள். "என்னில ஏதும் மணக்குதோ?" என்று கேட்கப் போகிறாள் என்று நினைத்தேன். கேட்கவில்லை. போய்விட்டாள்.

மாஸ்ரருக்கு இது போதாது. வடை மாதிரி இருந்ததைப் பார்த்து ஜேர்மன்காரி என்ன சொன்னாள், மற்ற மணமெல்லாம் திரும்பி வந்ததா என்று கேட்கிறார். நான் வாசலுக்கு இந்தப் பக்கம் இருந்தவன், அந்தப் பக்கத்தைச் சொல்லமாட்டேன். மணத்தைப் பற்றி நானும் இனித் துருவிக் கேட்கப் போவதில்லை. மலரும் அச்சுக்குப் போகிறது.

மிச்சம் உங்களுடைய பாடு. அடுத்த மார்கழி. லிஃப்ட் கதவு எங்கள் மாடியில் திறக்கிறது. பனி வேண்டுமென்றால் போட்டுக்கொள்ளுங்கள். புனிதம் பையைக் கீழே வைக்கிறாள். கண்ணை மூடி மூச்சை இழுக்கிறாள். அவள் என்ன சொல்கிறாள் என்பதை நீங்கள் எழுதுங்கள். ஒன்று மட்டும் கேட்கிறேன்: ஏதாவது ஒன்றுக்காவது அவளை "இல்லை" என்று சொல்லவிடுங்கள். எல்லாவற்றுக்கும் "ஓம்" என்றால் நான் நம்பமாட்டேன்.