நேட்டிவ் பனியன்

மனித குலத்தில் இரண்டே வகையினர்தான்: லினக்ஸ் கணினியில் விளையாட்டை நேரடியாக ஓட்டுகிறவர்கள், அதே கணினிக்கு விண்டோஸ் விளையாட்டை எடுத்துவந்து, நடுவே புரோட்டான் மென்பொருள் என்ற மொழிபெயர்ப்பாளரை உட்காரவைத்து ஓட்டுகிறவர்கள். இரண்டாம் வகையை மனிதக் கணக்கில் சேர்க்கலாமா என்பதில் மகுடேஸ்வரனுக்கு இன்னும் சந்தேகம் இருந்தது. பனியன் பிரிண்டிங் யூனிட்டில் டிசைன் போடுகிறவன் அவன். கொள்கையைச் சாம்பிள் துணியில் அச்சடித்து மார்பிலேயே மாட்டிக்கொண்டான். கறுப்புப் பனியன், வெள்ளை எழுத்து: 'நேட்டிவ்'. நேரடி ஆட்டக்காரன் என்று அர்த்தம்.

பேக்கிங்கில் இருக்கும் ஜெபக்குமார் தனக்கும் ஒன்று கேட்டான். அவன் புரோட்டான்காரன்.

"உங்களுக்குத் தகுதி பத்தாதுங்க," என்றான் மகுடேஸ்வரன், மிகுந்த மரியாதையோடு.

செக்கிங் பிரிவு அன்புசெல்வி தன் கணினியில் நடத்தும் ஆன்லைன் விளையாட்டு உலகத்தில்தான் இருவரும் விளையாடினார்கள். கல் கல்லாக அடுக்கி எதையும் கட்டலாம். எட்டு மாதத்தில் மகுடேஸ்வரன் அங்கே ஒரு சாய ஆலை எழுப்பியிருந்தான். புகைபோக்கியின் புகை அவன் திரையில் கொஞ்சம் ஏறும், அப்படியே நிற்கும், மறுபடி ஏறும்.

"மாட்டிக்கிச்சா வே?" என்பான் ஜெபக்குமார்.

"யோசிச்சுப் போகுதுங்க. உங்க புகைக்கு அந்தப் பழக்கமில்லீங்க."

வெள்ளிக்கிழமை டீ நேரத்தில் அன்புசெல்வி வந்து நின்றாள். "அண்ணா, நாளைக்குப் புது வெர்ஷனுக்கு மாத்தறனுங்க. ஞாயித்துக்கெழம சாயந்தரத்துக்குள்ள உள்ள வராதவிங்க எடத்த இடிச்சுப்போட்டுக் கொளம் வெட்டிருவேன்."

புது வெர்ஷன் லினக்ஸுக்கு நேரடியாக இல்லை. விளையாட்டுக் கம்பெனி லினக்ஸைப் போன வருடமே கைகழுவியிருந்தது.

"புரோட்டானுக்கு ஒத்த டிக்கு தாம் வே. நான் போட்டுத் தாரேன்," என்றான் ஜெபக்குமார்.

"ஆலையே போனாலும் போவட்டுமுங்க. அடுத்தவன் வாயில பேசிப் பொழைக்கற பொழப்பு எனக்கு வேண்டாமுங்க."

ஞாயிறு மதியம் மூன்று மணிக்குள் நான்கு முறை முயன்றான். நான்கு முறையும் 'பழைய பதிப்பு, அனுமதியில்லை' என்று வாசலிலேயே நிறுத்தியது. எட்டு மாதக் கட்டடத்தின் மேல் வாத்து நீந்துவது அவன் கண்ணுக்குள் வந்துபோனது.

எழுந்து ஜன்னலைச் சாத்தினான். பனியனைக் கழற்றி, உள்புறம் வெளியே வரத் திருப்பிப் போட்டுக்கொண்டான். பிறகு உட்கார்ந்து, புரோட்டான் கட்டத்தில் ஒரு டிக் வைத்தான்.

முன்னெப்போதும் இல்லாத வேகத்தில் ஆலை திறந்தது. வாசலில் ஜெபக்குமாரின் பொம்மை நின்றிருந்தது. தலைக்கு மேல் எழுத்து ஓடியது: "எப்படி வே வந்தீரு?"

"தெறமைங்க," என்று தட்டினான்.

அம்மா டீயை மேஜையில் வைத்தாள். "ஏங்கண்ணு, பனியனத் திருப்பிப் போட்டிருக்கறே?"

"எழுத்து குத்துதும்மா."

தோளோரத் தையல் பிசிர் முழுக்க வெளியே தெரிய, அவன் புகைபோக்கியில் இன்னும் இரண்டு கல் ஏற்றினான். புகை எங்கும் நிற்காமல் போய்க்கொண்டிருந்தது.