பெட்டிக்குள் படுத்த மலைவீரன்

பெட்டிக்குள் கிடந்தவரின் கோட்டுக் கை குட்டையாக இருந்தது. அன்ரனெற் அதைப் பிடித்து இழுத்து மணிக்கட்டை மூடப் பார்த்தாள். கையை எடுத்ததும் அது மறுபடி மேலேறிக்கொண்டது.

"விடு தங்கச்சி. ஆர் உதைப் பாக்கப்போகினம்," என்றார் அவளுடைய தமையன் அமிர்தநாதர்.

அன்ரனெற்றின் புருஷன் பஸ்ரியன் ஆறடியைத் தாண்டிய மனிதர். வழமையான பெட்டி போதாது, நீளமானதுதான் எடுக்கவேண்டும் என்று பியூனரல் ஹோம்காரர் முதல்நாள் மன்னிப்புக் கேட்பதுபோலச் சொன்னார். மகள் ஜூலி அதைத் தமிழில் சொன்னபோது அன்ரனெற் தலையை ஆட்டினாள். அந்த மூன்று நாட்களாக அவள் எல்லாவற்றுக்கும் தலையைத்தான் ஆட்டிக்கொண்டிருந்தாள்.

புதன்கிழமை காலை, வேலை முடிந்து வந்து பக்டரியின் கார்த் தரிப்பிடத்தில் காருக்கு மேலிருந்த ஸ்னோவைத் தட்டிக்கொண்டு நின்றவர், சில்லோடு சாய்ந்து நிலத்தில் இருந்துவிட்டார். களைத்துப்போய் இருக்கிறார் என்று நினைத்து இரண்டு பேர் கடந்து போயிருக்கிறார்கள். செய்தி வந்தபோது அன்ரனெற் கோப்பைகள் கழுவிக்கொண்டிருந்தாள். போனை வைத்துவிட்டு மிச்சக் கோப்பைகளையும் கழுவி, துடைத்து, அடுக்கிவிட்டுத்தான் ஜூலியை எழுப்பினாள். ஏன் அப்படிச் செய்தாளென்று அவளுக்கே தெரியவில்லை.

மத்தியானத்துக்குப் பிறகு சனம் வரத் தொடங்கியது. தேவாலயப் பங்குச் சனமும் சென் ஜேம்ஸ் ரவுணில் அவர்களுடைய கட்டடத்தில் இருப்பவர்களும் வருவார்கள் என்று அவள் எதிர்பார்த்தாள். அவள் ஒருநாளும் காணாத முகங்களும் வந்தன. டோர்செட் பார்க்கிலிருந்து பஸ் மாறி மாறி வந்தவர்கள், பிள்ளைகளைக் கையில் பிடித்துக்கொண்டு வந்தவர்கள். வந்தவர்கள் பெட்டிக்குக் கிட்டப் போய்ப் பார்த்து, உவரை நாங்கள் இப்பதான் காணுறம், குரல்தான் தெரியும் என்றார்கள்.

பஸ்ரியன் இளமையில் உதவிப் பணம் கிடைத்துக் கியேவில் எஞ்சினியரிங் படித்தவர். அந்தப் படிப்பை இங்கே யாரும் கணக்கில் எடுக்கவில்லை. பிளாஸ்டிக் வாளி வார்க்கும் மெசினில் நின்றார். படித்த இடத்திலிருந்து அவர் கொண்டுவந்து இங்கே பயன்பட்டது அங்கத்தைய பழைய வீரர் கதைகள் மட்டும்தான். பாம்பை வெட்டிய வீரன், விசிலடித்தே ஆட்களைக் கொல்லும் கள்ளனைப் பிடித்துக் கட்டிய வீரன் என்று சனிக்கிழமை காலைகளில் தமிழ் வானொலிக்குக் குசினிப் போனிலிருந்தே சொல்லுவார். அந்த நேரத்தில் அன்ரனெற் ஒன்றும் பொரிக்கக்கூடாது, தண்ணீர்க் குழாயைத் திறக்கக்கூடாது. ரஷ்ய வீரன் தமிழில் குதிரையேறி வன்னிக் காட்டைப்போன்ற ஒரு காட்டுக்குள்ளால் போவான். வழியில் அவனுக்குப் பனங்கட்டியும் தேத்தண்ணியும் கிடைக்கும். அன்ரனெற் பக்கத்திலேயே மரக்கறி வெட்டிக்கொண்டு நின்றாலும் காது கொடுத்ததில்லை. அடுத்த கிழமை வேலை நேரத்தைப் பற்றியோ, உடுப்புத் தோய்க்கப் போவதைப் பற்றியோ யோசித்துக்கொண்டிருப்பாள்.

வந்தவர்களில் கிளடிஸ் என்ற ஒரு பெண் அவளுக்குப் பக்கத்துக் கதிரையில் வந்திருந்தாள். முப்பது வயதைத் தாண்டியிருக்காது. பெடியள் இரண்டு பேரையும் பக்கத்து வீட்டில் விட்டுவிட்டு வந்ததாகச் சொன்னாள். பிறகு, கேட்கக்கூடாததைக் கேட்பவளைப்போலக் குரலைத் தாழ்த்தி, போன சனிக்கிழமைக் கதையைப் பற்றிக் கேட்டாள்.

மலையைப்போல ஒரு வீரனும் அவனுக்கு இளைய ஒரு வீரனும் குதிரையில் போகிறார்கள். வழியில் ஆளில்லாத கல்லுப்பெட்டி ஒன்று கிடக்கிறது. இளையவன் ஏறிப் படுத்துப் பார்க்கிறான், பெட்டி பெரிசாக இருக்கிறது. மலைவீரன் படுத்துப் பார்க்கிறான், அவனுக்கென்றே அளவெடுத்ததுபோல இருக்கிறது. மூடியையும் போட்டுப் பாரடா என்கிறான் பகிடியாக. போட்ட மூடி பிறகு கழலவில்லை. இளையவன் வாளால் அடிக்க, அடித்த ஒவ்வொரு அடிக்கும் பெட்டியைச் சுற்றி ஒரு இரும்புப்பட்டை விழுகிறது. மிச்சம் வாற கிழமை என்று பஸ்ரியன் அந்த இடத்தில் போனை வைத்துவிட்டார்.

"பெடியள் ஒவ்வொருநாளும் கேக்கிறாங்கள் அக்கா. அந்த ஆள் வெளியிலை வந்ததோ எண்டு."

கிளடிஸின் புருஷனை ஐந்தாறு வருசத்துக்கு முன் ஊரில் ஆமி பிடித்துக்கொண்டு போனது. பிறகு ஆளுமில்லை, உடலுமில்லை. அதை அவள் ஒருமுறை வானொலியிலேயே பஸ்ரியனுக்குச் சொல்லியிருக்கிறாள். அன்ரனெற்றுக்கு அதுவும் தெரிந்திருக்கவில்லை. கதையின் முடிவு தனக்குத் தெரியாது என்றாள். கிளடிஸ் பரவாயில்லை அக்கா என்று எழும்பிப்போய்ப் பின்வரிசையில் இருந்தாள்.

கொஞ்சநேரத்தில் பக்டரியிலிருந்து பெத்ரோ வந்தார். தலை முழுக்க நரைத்த உக்ரேனியர், பஸ்ரியன் படித்த நாட்டுக்காரர், அவரோடு பக்கத்து மெசினில் நின்றவர். பெட்டிக்கு முன்னால் நின்று வலமிருந்து இடமாகச் சிலுவை போட்டுக்கொண்டார். அன்ரனெற்றின் கையைப் பிடித்து என்னவோ சொன்னார். ஜூலி தமிழில் சொன்னாள்.

"கேளம்மா அவரிட்டை," என்றாள் அன்ரனெற். "கல்லுப்பெட்டிக்குள்ளை இருந்தவருக்கு என்ன நடந்தது எண்டு."

ஜூலி தாயை ஒருமாதிரிப் பார்த்துவிட்டுக் கேட்டாள். பெத்ரோ ஆச்சரியப்படவில்லை. கதிரையில் இருந்து, தொப்பியை முழங்காலில் வைத்துக்கொண்டு சொன்னார்.

மலைவீரன் வரமாட்டான். தனக்கு விதித்த பெட்டி அதுதான் என்று அவனுக்கு விளங்கிவிடுகிறது. மூடியிலுள்ள வெடிப்புக்குக் கிட்ட வா, என் மூச்சைத் தருகிறேன் என்று இளையவனைக் கூப்பிடுகிறான். மூச்சு பட்டதும் இளையவனுக்குப் பலம் இரட்டிப்பாகிறது. இன்னும் வா என்கிறான். போதும், இதற்குமேல் பலம் வந்தால் மண் என்னைத் தாங்காது என்கிறான் இளையவன். நல்லது, இனி வருவது சாவின் மூச்சு, என் குதிரையைப் பெட்டியோடு கட்டிவிட்டு நீ போ என்கிறான் மலைவீரன். அவனும் கட்டிவிட்டுப் போகிறான்.

பெத்ரோ இன்னொன்றும் சொன்னார். செவ்வாய்க்கிழமை சாப்பாட்டு நேரத்தில் பஸ்ரியன் இதைத்தான் கதைத்திருக்கிறார். தமிழில் சொல்லும்போது மூடியைத் திறந்து ஆளை வெளியே எடுக்கப்போவதாகவும், கேட்கிற பிள்ளைகளில் தகப்பனைத் தேடுகிற பிள்ளைகளும் இருக்கிறார்கள் என்றும் சொல்லியிருக்கிறார். பெத்ரோவுக்குக் கோபம் வந்ததாம். அவன் வெளியே வந்தால் மற்றவனுக்கு மூச்சு எப்படிக் கிடைக்கும் என்று சண்டை பிடித்தாராம்.

"அப்பா என்ன சொன்னவராம்?" என்றாள் அன்ரனெற்.

"சும்மா சிரிச்சவராம்."

செபம் முடிந்து சனம் கலையத் தொடங்கியது. கிளடிஸ் கோட்டைப் போட்டுக்கொண்டு விடைபெற வந்தாள். போயிட்டு வாறன் என்று சொல்லக்கூடாத இடம் என்பதால் சும்மா கையைப் பிடித்தாள். அன்ரனெற் கையை விடவில்லை. பஸ்ரியன் என்ன சொல்ல நினைத்தார் என்பது அவளுக்குத் தெரியும். அதைச் சொல்லுவது சுலபம். அவள் பெட்டியைப் பார்த்தாள்.

"அவர் வெளியிலை வரேல்லை," என்றாள்.

கிளடிஸ் அவள் முகத்தைப் பார்த்தாள்.

"ஏலாமல் போச்சு. வெடிப்புக்குள்ளாலை மூச்சை மட்டும் மற்றவருக்குக் குடுத்தவர். அதோடை சரி."

மூன்று நாட்களில் அவள் கதைத்த நீளமான பேச்சு அதுதான். கிளடிஸ் குனிந்து கோட்டின் பொத்தானைப் போட்டாள்.

"நானும் அப்பிடித்தான் நினைச்சனான் அக்கா," என்றாள். "பெடியளுக்கு நான் சொல்லுறன்."

அமிர்தநாதர் காரை ஓட்ட, ஜூலி தாயோடு பின்சீட்டில் இருந்தாள். வெளிச்சம் குறைந்துகொண்டு வந்தது. றோட்டோரத்தில் ஒதுக்கிவிட்ட ஸ்னோ கறுத்துக் கிடந்தது.

"அப்பா திறக்கத்தானே நினைச்சவர் அம்மா?"

"ஓம்."

"பிறகேன் அப்பிடிச் சொன்னனீங்கள்?"

"வெளியிலை வந்திருந்தால் மற்றவருக்கு மூச்சு கிடைச்சிராது," என்றாள் அன்ரனெற். அமிர்தநாதர் ஹீற்றரைக் கொஞ்சம் கூட்டிவிட்டார்.

வீட்டில் யாரோ சோறும் பருப்பும் சமைத்துக் கொண்டுவந்து அடுப்புக்கு மேல் மூடிவைத்திருந்தார்கள். அமிர்தநாதர் போனுக்குப் பதில் சொல்லப் போனார். அன்ரனெற் கோட்டையும் கழற்றாமல், பூட்ஸையும் கழற்றாமல் வந்து சோபாவில் இருந்துவிட்டாள். பூட்ஸில் ஒட்டியிருந்த ஸ்னோ உருகித் தரைக் காப்பெற்றில் கறுப்பாகப் பரவியது. இன்னொரு நாளென்றால் யார் செய்திருந்தாலும் அவள் விட்டிருக்கமாட்டாள்.

ஜூலி வந்து அவளுக்கு முன்னால் முழந்தாளிட்டாள். றோட்டு உப்புப் படிந்து இறுகிப்போயிருந்த லேஸை நகத்தால் இளக்கினாள். இடது பூட்ஸ் கழன்றது. அவள் கேட்க முன்னமே அன்ரனெற் மற்றக் காலைத் தூக்கிக் கொடுத்தாள்.