முதல் உருப்படிக்குக் கறுப்புத் தையல்

சபுராவின் கை இருக்கிறதே, அதற்கென்று தனியாக ஒரு புத்தி உண்டு. மனசு வேறெங்கோ அலைந்துகொண்டிருக்கும். கை அதுபாட்டுக்கு வேலையை முடித்துவிட்டு அடுத்த துணியை எடுத்திருக்கும். தாராவி தொண்ணூறடி ரோட்டுக்குப் பின்னால் தம்பியோடு சேர்ந்து தையல் கார்கானா நடத்துகிறவளுக்கு அது பெரிய வரம் என்றுதான் எல்லாரும் சொல்வார்கள். அந்த வரம்தான் இந்தத் தடவை அவளை நன்றாக மாட்டிவிட்டது.

அதுவரை அங்கே தைத்ததெல்லாம் பைகள். தோள்பை, லேப்டாப் பை, ஆபீஸ் போகிறவர்களின் தோல்பை. தைப்பது இவர்கள், ஒட்டிக்கொண்டு போவது வேறு எவனோ ஒருவனுடைய லேபிள். சபுராவுக்கு அது அலுத்துப்போய் வெகு காலமாகிவிட்டது. அப்படியிருக்கும்போதுதான் அம்பர்நாத்தில் உள்ள ஒரு கம்பெனியிலிருந்து அனந்தகிருஷ்ணன் என்கிற இன்ஜினியர் விசாரித்துக்கொண்டு வந்து சேர்ந்தார். மாட்டுங்காவிலேயே பிறந்து வளர்ந்த பாலக்காட்டுக்காரர். அவர் தமிழில் பேச ஆரம்பித்ததுமே சபுராவுக்குப் பாதி பயம் போய்விட்டது.

கம்பெனி ஒரு குறுந்தூர ஏவுகணைக்குச் சில பாகங்கள் செய்து கொடுக்கிறதாம். ஏவுகணையின் வாலில் சிறகுகளைத் திருப்பும் வயர்கள் ஓடுகின்றன. ஒட்டினாற்போலவே நெருப்பைக் கக்கும் குழாய். அந்த வயர்களுக்கு வெப்பம் தாங்கும் துணியில் ஓர் உறை வேண்டும். வளைவு மெஷினுக்கு அடங்காது, கைத்தையல்தான். வயர் கருகினால் சிறகு திரும்பாது. சிறகு திரும்பாவிட்டால் ஏவுகணை எங்கே போகும் என்று யாராலும் சொல்ல முடியாது. அவர் இதைச் சொல்லச் சொல்ல, தம்பி வாசிம், "அப்போ நம்ம நூலப் புடிச்சுத்தான் ராக்கெட்டே போவுது, சார்" என்று காலரைத் தூக்கிவிட்டுக்கொண்டான்.

வேலை லேசுப்பட்டதாக இல்லை. துணியைத் தொட்டாலே கையெல்லாம் அரித்தது. முதலில் தைத்தவை அம்பர்நாத் நெருப்புச் சோதனையில் பொசுங்கித் திரும்பி வந்தன. மடிப்பை மாற்றினார்கள், கம்பெனி நூலை மாற்றியது. கட்டர் கணேசபாண்டியன் வெட்டும் அளவை மாற்றினான். கடைசியில் ஒன்று தாங்கியது. அதே அளவில், நிஜ ஏவுகணையில் பறக்கப்போகிற உறையைச் சபுராவே தைத்துக் கொடுத்தாள். அனந்தகிருஷ்ணன் பூதக்கண்ணாடி வைத்துப் பார்த்துப் பாஸ் போட்டார். பெட்டி கிழக்குக் கடற்கரை ஏவுதளத்துக்குப் போய்விட்டது. ஏவுகணைச் சோதனை ஜெயித்தால் இனி வரும் எல்லா உறையும் சபுராவின் கார்கானாவில்தான். அதுவும் அவர்கள் பெயரிலேயே.

ஞாயிற்றுக்கிழமை காலையில் கார்கானாவைக் கூட்டிக்கொண்டிருந்தவள், சுவரில் தொங்கும் ஊசித்துணியைப் பார்த்து அப்படியே நின்றுவிட்டாள். அந்த உறைக்காகவே எடுத்த கையூசி ஒன்று குத்தியிருந்தது. அதன் காதில் கொஞ்சம் கறுப்பு நூல்.

தாராவியில் பை தைக்கிற பல இடங்களில் ஒரு வழக்கம் உண்டு. புது ஆர்டரின் முதல் உருப்படியில் கடைசி மூன்று தையலை விட்டு வைப்பார்கள். அதை மட்டும் உள்பக்கமாகக் கறுப்பு நூலால் மூடுவார்கள். குழந்தை கன்னத்தில் வைக்கிற பொட்டு மாதிரிதான். கண்ணூறு படாமல் இருக்க. இதில் அல்லாவைக் கும்பிடுகிறவர், முருகனைக் கும்பிடுகிறவர் என்ற பேதமெல்லாம் கிடையாது. கம்பெனி கொடுத்ததோ நெருப்புத் தாங்கும் மஞ்சள் நூல். இது கடைத்தெருவில் வாங்கிய பருத்தி நூல். எப்போது போட்டோம் என்று யோசித்துப் பார்த்தாள். ஞாபகமே வரவில்லை. ஆனால் கை போட்டிருக்கிறது. ஊசி பொய் சொல்லாது.

"சோடு, விட்டுத்தள்ளு லாத்தா" என்றான் வாசிம். "மூணே மூணு தையல். அவரே பாத்துப் பாஸ் பண்ணிட்டாரு. இப்பப் போயிச் சொன்னா ஆர்டரும் காலி, நம்ம மானமும் காலி."

"தையல் விட்டுப்போயி அது எவன் கூரையிலயாவது விழுந்தா?"

"கடல்லதான் விடுதாவ."

"கடல்ல படகு ஓட்டுறவன்லாம் மனுசன் இல்லையால?"

வாசிம் போனை நோண்டினான். சபுராவுக்கு ஆசை இல்லாமல் இல்லை. வாயை மூடிக்கொண்டு இருந்துவிடலாம் என்று அவளுக்கும் ஒரு நிமிஷம் தோன்றத்தான் செய்தது. அந்த நிமிஷத்தை நினைத்தே அவளுக்கு வெட்கமாக இருந்தது. அனந்தகிருஷ்ணனுக்குப் போன் போட்டாள், எடுக்கவில்லை. துப்பட்டாவைச் சரிசெய்துகொண்டு மாட்டுங்காவுக்குக் கிளம்பிவிட்டாள்.

வீட்டில், மார்க்கெட்டுக்குப் போயிருக்கிறார் என்றார்கள். மனுஷர் பூக்கடைகளுக்கு நடுவில் வாழையிலைக் கட்டும் கையுமாக நின்றுகொண்டிருந்தார். சபுரா மூச்சு வாங்க, விஷயத்தை ஒன்றுவிடாமல் சொன்னாள். திட்டுவார் என்று எதிர்பார்த்தாள். அவரோ இலைக்கட்டைப் பக்கத்துக் கூடைமேல் வைத்துவிட்டு நெற்றியைத் துடைத்துக்கொண்டார்.

"நான் பாத்தேனே, அம்மா அதை" என்றார் மெதுவாக. "கறுப்பா மூணு தையல். ஏதோ அடையாளத்துக்குப் போட்டிருக்கேளாக்கும்னு நெனச்சுண்டேன். கேட்டிருக்கணும். கேக்காம கையெழுத்துப் போட்டுட்டேன்."

இப்போது மாட்டிக்கொண்டவர்கள் இரண்டு பேர். இத்தனை வருஷ சர்வீஸில் பேர் கெடாமல் இருந்தவருக்கு, இனி ஏவுதளத்துக்குப் போடப்போகிற ஒரு போனில் எல்லாம் போய்விடலாம். அது அவர் முகத்திலேயே தெரிந்தது. பாவமாகவும் இருந்தது சபுராவுக்கு.

"வேணும்னா நாந்தான் உங்களுக்குத் தெரியாம போட்டேன்னு சொல்லிருங்க, சார்."

"அதெப்படி? எனக்குத் தெரிஞ்சுதானே போச்சு" என்றவர், கூட்டத்தை விட்டு ஓரமாகப் போய் ஏவுதளத்துக்குப் போன் போட்டார். பேசி முடித்துத் திரும்பியபோது சட்டை முதுகோடு ஒட்டிக்கொண்டிருந்தது. "வால் பகுதியை மூடிட்டாளாம். திறக்கணும்னா சோதனையே தள்ளிப்போகும். ஆபத்து நெஜமான்னு முதல்ல காட்டுங்கோங்கறா, அங்க இருக்கற டைரக்டர் அம்மா. அதே மாதிரி ஒண்ணு தைக்கணும். கறுப்பு நூலோட."

வாழ்க்கையிலேயே முதல் தடவையாக, சபுரா அந்தத் தையலை யோசித்து யோசித்துப் போட்டாள். பழக்கத்தில் போடும்போது ஒரு நொடியில் முடிகிற காரியம், ஆர்டரின் பேரில் போடும்போது அரை மணி இழுத்தது.

மறுநாள் அம்பர்நாத்தில் தடித்த கண்ணாடிக்கு இந்தப்பக்கம் அவளும் வாசிமும் நின்றார்கள். உள்ளே நெருப்பு நீலமாகச் சீறி உறைமேல் பாய்ந்தது. மஞ்சள் தையல் கறுத்ததே தவிர விடவில்லை. அந்த மூன்று தையல் இருந்த இடம் கொஞ்ச நேரத்தில் வாய் பிளந்தது. பிளந்த வழியாக உள்ளே புகுந்த நெருப்பில் வயர் புகைந்து சுருண்டது. வாசிம் அக்காவின் கையைப் பிடித்துக்கொண்டான். காலரைத் தூக்கிவிட்ட ஆளைக் காணவே காணோம்.

சோதனையைத் தள்ளிவைத்தார்கள். வால் பகுதியைத் திறந்தார்கள். புது உறை தைத்துத் தரச் சொல்லிக் கேட்டது சபுராவிடமே என்பதுதான் அவளால் நம்ப முடியாத விஷயம். "தப்பைத் தானே வந்து சொன்ன கையை எதுக்கு மாத்தணும்னாளாம், டைரக்டர் அம்மா" என்றார் அனந்தகிருஷ்ணன். சபுரா கார்கானாவில் இருந்த கறுப்பு நூல் கண்டு அத்தனையையும் அள்ளிக் கணேசபாண்டியனிடம் கொடுத்து, வீட்டுக்குக் கொண்டுபோகச் சொன்னாள். பிறகுதான் உட்கார்ந்தாள். முதல் தையலிலிருந்து கடைசித் தையல் வரை மஞ்சள்.

ஏவுகிற நாளன்று அவளுக்கு இருப்புக்கொள்ளவில்லை. கண்ணூறு கழிக்காத உருப்படி ஒன்று அவள் கையிலிருந்து வெளியே போனது அதுதான் முதல் தடவை. படித்த பிள்ளைகள் சிரிப்பார்கள், சிரிக்கட்டும். நூல் கண்டை ஏன் கொடுத்தனுப்பினோம் என்று தன்னையே திட்டிக்கொண்டாள். கடைசியில் ஊசித்துணியில் கறுப்பு நூலோடு அப்படியே தொங்கிக்கொண்டிருந்த அந்தப் பழைய ஊசியை உருவினாள். உறைக்குப் போட முடியாத மூன்று தையலைத் தன் துப்பட்டா முனையில் போட்டுக்கொண்டாள்.

மத்தியானம் வாசிம் போனைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு ஓடிவந்தான். "போயிருச்சு, லாத்தா! குறி வச்ச எடத்துலயே விழுந்துச்சாம்!" மெஷின்களெல்லாம் நின்றன. சின்னத் திரையில் ஒரு வெள்ளைக் கோடு வானத்தில் நேராக ஏறிக்கொண்டிருந்தது. வால் எங்கேயும் ஆடவில்லை. சபுரா துப்பட்டா முனையால் கண்ணைத் துடைத்தாள். கறுப்புத் தையல் இமையில் உரசியது.

அடுத்த மாதம் அனந்தகிருஷ்ணன் புது வரைபடத்தோடு வந்தார். எச்சரிக்கைக் கடிதம் ஒன்று வாங்கியிருந்தாராம், சொல்லும்போது சிரித்தார். மேஜையில் விரித்த படத்தில், உறையின் ஓரத்தில் ஒரு சின்னத் துணி வால் புதிதாக முளைத்திருந்தது.

"இது என்ன, சார்?"

"உறையைப் பொருத்தறதுக்கு முன்னாடி கத்தரிச்சு எடுத்துடுவா. பறக்காது. அந்தத் தையல் எதுக்குன்னு டைரக்டர் அம்மா கேட்டா, சொன்னேன். அப்பறம், அதுக்கு ஒரு எடம் ஒதுக்கிக் குடுங்கோ, இல்லேன்னா கை எடம் தேடிண்டே இருக்கும்னா."

கணேசபாண்டியன் நூல் கண்டைத் திரும்பக் கொண்டுவந்தான். முதல் உறையின் மஞ்சள் தையலெல்லாம் முடிந்த பிறகு, சபுரா துணி வாலில் மூன்று கறுப்புத் தையல் போட்டு இன்ஜினியரிடம் நீட்டினாள். அவர் பூதக்கண்ணாடியை எடுத்து உறையை ஓர் அங்குலம் விடாமல் பார்த்தார். பிறகு வாலுக்கு வந்தார்.

"இதையுமா பாக்கணும், சார்?"

"ஒரு தடவை பாக்காம விட்டவனாச்சே" என்றவர், குனிந்து சத்தமாக எண்ணினார். "ஒண்ணு. ரெண்டு. மூணு. பாஸ்!"