கப்பல் பக்கம் போனவள்

அட்டையில் வெட்டிப் பச்சை தீட்டிய மரத்தின் பின்னால் அவள் நிற்கிறாள், கையில் துடைப்பத் தடியில் செய்த ஈட்டி, மூக்கில் காயாத பசையின் வாசனை, மேடையின் அந்தக் கரையில் இரண்டு பிள்ளைகள் நீலத் துணியைப் பிடித்து ஆட்டுகிறார்கள், அதுதான் கடல், அதன்மேல் கப்பல் வருகிறது, கப்பலின் முன்னால் மருந்துக்கடைக்காரரின் மகன் தளபதியின் தொப்பியோடு நெஞ்சை நிமிர்த்தி நிற்கிறான், வகுப்பாசிரியை மிஸிஸ் ஹார்கிரேவ் ஒலிவாங்கியில் சரித்திரத்தை வாசிக்கிறார், இன்னும் ஒரு வரி, அது முடிந்ததும் அவள் ஈட்டியைப் போட்டுவிட்டு அலறிக்கொண்டு ஓடவேண்டும், இப்போது துஷ்யந்திக்கு வயது ஐம்பதை நெருங்குகிறது, சிட்னியில் ரயிலுக்குக் காத்திருக்கும்போதும் மகளின் பாடப் புத்தகங்களுக்கு உறை போடும்போதும் அந்த மேடை சொல்லாமல் கொள்ளாமல் வந்துவிடுகிறது, அவள் மறுபடியும் பத்து வயதுச் சிறுமியாகிறாள்.

அந்த மேடை இருந்த ஊர் சிட்னியிலிருந்து வெகுதூரம் உள்நாட்டில், கலங்கிய ஆறொன்றின் கரையில், செம்மண்ணும் செம்மறிகளுமாகக் கிடந்தது, கொழும்பில் அவர்கள் இருந்த வீட்டை எண்பத்து மூன்றாம் ஆண்டு ஆடி மாதம் எரித்த பிறகு, உடுத்த உடுப்போடு அகதி முகாமில் இருந்து, யார் யாரையோ பிடித்து, கடைசியில் அப்பாவுக்கு அந்த ஊர் உயர்நிலைப் பள்ளியில் கணக்குப் படிப்பிக்கும் வேலை கிடைத்தது, அங்கே வேறு தமிழர் இல்லை, துஷ்யந்தி என்று முழுதாகச் சொல்ல ஒருவருக்கும் வராமல் அவள் துஷி ஆனாள், வாய் திறந்தால் அவளுடைய இங்கிலீசைக் கேட்டு வகுப்பு சிரித்தது, புத்தகங்கள் சிரிக்கவில்லை, அதனால் மத்தியான இடைவேளைகளில் அவள் பள்ளி நூலகத்தில் கிடந்தாள், காட்டில் வழிதவறிப் போகும் பிள்ளைகளின் கதைகள் அங்கே நிறைய இருந்தன, ஊரே விளக்குப் பிடித்துக்கொண்டு தேடிப் போகும், விடியும்போது கண்டுபிடித்துத் தூக்கி வரும், அந்தப் பிள்ளைகளின் தலைமயிர் எப்போதும் பொன்னிறம், தான் தொலைந்து போனால் யார் தேடி வருவார்கள் என்று யோசித்தபடி அவள் அடுத்த பக்கத்தைப் புரட்டுவாள்.

நூலகத்துக்கு அவளைத் தவிர வருகிறவள் ரோண்டா மட்டும்தான், ஆற்றங்கரையில் காலங்காலமாக இருந்த பூர்வகுடிச் சனத்தின் பிள்ளை, குதிரைப் புத்தகங்களைத் தவிர வேறெதையும் தொடமாட்டாள், இருவரும் மின்விசிறிக்குக் கீழே நிலத்தில் குப்புறப் படுத்து வாசிப்பார்கள், அதிகம் பேசுவதில்லை, துஷ்யந்தி அம்மா கட்டிக் கொடுத்த ரொட்டியில் பாதியைத் தருவாள், ரோண்டா அதைச் சுருட்டி வாயில் வைத்துக்கொண்டே குதிரையின் படத்தைக் காட்டுவாள், பேசியதெல்லாம் இங்கிலீசில்தான், ஆனால் ரோண்டா சொன்னவை எல்லாம் இப்போது துஷ்யந்தியின் நினைவில் யாழ்ப்பாணத் தமிழாகவே கேட்கின்றன, நீலமட்டைச் சரித்திரப் புத்தகத்தை அவளுக்குக் காட்டியதும் ரோண்டாதான், அதில் கப்பல்கள் வந்து சேரும் படம் ஒன்று பக்கம் முழுக்க இருந்தது, கொடி, துப்பாக்கி, படகில் இறங்கும் மனிதர்கள், ஒவ்வொருவருக்கும் மூக்கும் கண்ணும் வைத்து வரைந்திருந்தார்கள், ஓரத்தில் ஒரு மரம், மரத்தின் பின்னால் ஈட்டியோடு ஒரு கறுத்த உருவம், அதற்கு முகமே இல்லை.

கப்பல்கள் வந்து இருநூறு வருடம் ஆகிறதென்று நாடே கொண்டாடிய அந்த வருடத்தில் பள்ளியும் நாடகம் போட்டது, மரத்தின் பின்னால் நிற்க மிஸிஸ் ஹார்கிரேவ் முதலில் ரோண்டாவைத்தான் கேட்டார், ரோண்டா மாட்டேன் என்று ஒரே சொல்லில் சொல்லிவிட்டு ஜன்னலைப் பார்த்தாள், ஆசிரியையின் கண் வகுப்பைச் சுற்றி வந்து துஷ்யந்தியில் நின்றது, நீ செய்வாயா துஷி, உனக்கென்றால் மை பூசவும் தேவையில்லை, வகுப்பு சிரித்தது, துஷ்யந்தியும் சேர்ந்து சிரித்தாள், அந்தப் பள்ளியில் முதல் தடவையாக அவளை ஒன்றுக்குத் தெரிந்தெடுத்திருக்கிறார்கள், வீட்டுக்கு ஓடிப்போய்ச் சொன்னாள், அம்மா தன்னுடைய மண்ணிறச் சேலையை வெட்டி உடுப்புத் தைத்தாள், தைக்கும்போது பாடினாள்கூட, ஆனால் ரோண்டா நூலகத்தில் தள்ளிப் போய்ப் படுத்தாள், நீட்டிய ரொட்டியை வாங்கவில்லை, ஒத்திகைகள் முடியும் மட்டும் அப்படியே இருந்தாள், கடைசியில் ஒருநாள் புத்தகத்திலிருந்து தலையைத் தூக்காமலே சொன்னாள், அது என்ர ஆக்கள், நீ இல்லை, நீயும் வந்தவள்தானே, பிறகு பக்கத்தைப் புரட்டிவிட்டு இன்னொன்றும் சொன்னாள், அந்த ஆக்கள் ஓடவும் இல்லை.

அந்தச் சொற்கள்தான் மேடையில் அவளோடு மரத்தின் பின்னால் நிற்கின்றன, மண்டபம் நிறைந்திருக்கிறது, இரண்டாம் வரிசையில் அம்மா பட்டுச்சேலையில், பக்கத்தில் அப்பா, கடைசியில் கதவோரம் ரோண்டாவும் அவளுடைய தாய் ஜாய்ஸும், அவர்கள் கதிரையில் இருக்கவில்லை, நிற்கிறார்கள், காட்டுவாசிகள் அஞ்சி ஓடினார்கள் என்று மிஸிஸ் ஹார்கிரேவ் வாசிக்கிறார், துஷ்யந்தி ஓடவில்லை, அவர் மறுபடியும் வாசிக்கிறார், இம்முறை சத்தமாக, தளபதி பல்லைக் கடித்துக்கொண்டு போ போ என்கிறான், அவள் ஈட்டியை மெதுவாக நிலத்தில் வைக்கிறாள், மரத்தைச் சுற்றி வெளியே வருகிறாள், மேடையின் நடுவால் நடந்து, நீலத் துணியை மிதிக்காமல் பாவாடையைத் தூக்கிக் கடந்து, கப்பலிலிருந்து இறங்கியவர்களின் வரிசையில் கடைசி ஆளாகப் போய் நின்றுகொள்கிறாள், அந்த நேரம் அவளுக்கு வேறொன்றும் தோன்றவில்லை, தன்னுடைய இடம் இது என்பதைத் தவிர, யாரோ சிரித்தார்கள், பிறகு எல்லோரும் சிரித்தார்கள், கதவோரம் நின்ற இருவரும் சிரிக்கவில்லை.

வீட்டில் அம்மா சேலை மாற்றாமல் குசினிக் கதிரையில் இருந்து அழுதாள், கொழும்பிலை எங்களைக் கப்பல்லை வந்த கள்ளத்தோணியள் எண்டு சொல்லித்தானே வீட்டைக் கொளுத்தினவங்கள், இங்க நீயாப் போய்க் கப்பல்காரரோடை நிக்கிறாய், என்னடி பிள்ளை உனக்கு வந்தது, அப்பாதான் சப்பாத்தைக் கழற்றிக்கொண்டே அம்மாவைப் பார்த்துச் சொன்னார், அங்க சொன்னது பொய், பரமேஸ், இங்க அது உண்மைதானே, சோறு ஆறிப் போனது.

திங்கட்கிழமை நூலகத்தில் ரோண்டா அவளுக்குப் பக்கத்தில் வந்து படுத்தாள், நீ அங்காலை போனது சரி, ஆனா இப்ப மரத்துக்குப் பின்னாலை ஆருமே இல்லையெண்டு ஆகிட்டுதே என்றாள், துஷ்யந்தி அதை நினைத்துப் பார்த்திருக்கவில்லை, ரோண்டா எழும்பிப் போய் நீலமட்டைப் புத்தகத்தை எடுத்து வந்தாள், பென்சிலைக் கேட்டு வாங்கினாள், அந்தப் படத்தில், மரத்துக்குப் பின்னால் அல்ல, முன்னால், மணலில், ஆட்களை வரையத் தொடங்கினாள், தொப்பியோடு ஒரு மாமா, இடுப்பில் குழந்தையோடு ஒரு பெண், நாய்கள், ஒருவரும் ஓடவில்லை, எல்லோருக்கும் முகம் இருந்தது, எல்லோரும் படகைப் பார்த்துக்கொண்டு நின்றார்கள், குதிரை வரைந்து பழகிய கை அது, துஷ்யந்தி பார்த்துக்கொண்டு கிடந்தாள், பிறகு நான் எங்க என்று தயங்கித் தயங்கிக் கேட்டாள், ரோண்டா கொஞ்சம் யோசித்துவிட்டுப் படகின் கடைசியில் இரட்டைப் பின்னலோடு ஒரு சின்னப் பெண்ணை வைத்தாள், அவளுக்கும் மூக்கும் கண்ணும் வைத்தாள், இறங்குவதற்கு முன் கரையைப் பார்த்துக்கொண்டிருக்கும் கண்.

பள்ளிச் சொத்தைப் பழுதாக்கியதற்காகத் தலைமையாசிரியர் இரண்டு வீட்டாரையும் கூப்பிட்டார், மேசையில் புத்தகம் விரிந்து கிடந்தது, பிள்ளைகள் மன்னிப்புக் கேட்டாக வேண்டும், அதுதான் பேச்சு, ஜாய்ஸ் கைகளைக் கட்டிக்கொண்டு சுவரோடு நின்றார், அந்த அறையில் அவருக்கு இதற்கு முன்னும் நிற்க நேர்ந்திருக்கிறது என்று நிற்கும் விதத்தில் தெரிந்தது, அப்பா மூக்குக் கண்ணாடியைப் போட்டுப் படத்தை வெகுநேரம் பார்த்தார், இவை ஆர் ஆர் எண்டு சொல்லு பிள்ளை என்று ரோண்டாவிடம் கேட்டார், அவள் விரல் வைத்து ஒவ்வொருவராகச் சொன்னாள், படகில் இருக்கிறது துஷி என்றாள், அப்பா கண்ணாடியைக் கழற்றினார், ஐயா, என்ர பிள்ளை இதுக்கு மன்னிப்புக் கேக்கமாட்டாள் என்றார், எதற்கும் குரல் உயர்த்தாத மனிதர், வேலை புதிது, குடியுரிமைகூட இன்னும் வரவில்லை, அவர் புத்தகத்தைத் தலைமையாசிரியர் பக்கம் மெதுவாகத் தள்ளினார், ஜாய்ஸ் அதைப் பார்த்துக்கொண்டு நின்றார், தலைமையாசிரியர் புத்தகத்தை மூடி அலுமாரிக்குள் வைத்துப் பூட்டினார், அதை அவர்கள் பிறகு காணவில்லை, வெளியே வாகனம் நிறுத்துமிடத்தில் ஜாய்ஸ் அப்பாவைப் பார்க்காமல் சாவியைத் தேடிக்கொண்டே சொன்னார், ஞாயிற்றுக்கிழமை ஆத்தங்கரையிலைதான் நிப்பம், மீன் பிடிப்பம், வாறதெண்டால் வாங்கோ.

போவதா விடுவதா என்று அம்மா கடைசிவரை முடிவெடுக்கவில்லை, பிறகு விடியவே எழும்பிப் புட்டு அவித்தாள், ஆற்றங்கரையில் ஜாய்ஸின் ஆட்கள் நிறையப் பேர் இருந்தார்கள், எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள், வெயில் தண்ணீரில் மினுங்கியது, அம்மா கூச்சத்தில் அவசர அவசரமாகப் பாயை உதறி விரிக்கப் போனாள், அப்பா அவளுடைய கையைப் பிடித்தார், பொறும், கேட்டிட்டு இருப்பம், தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு ஜாய்ஸிடம் போனார், பள்ளிக்கூடத்து இங்கிலீசில் ஒவ்வொரு சொல்லாக எடுத்து வைத்துக் கேட்டார், துஷ்யந்திக்கு அது இன்றும் தமிழில்தான் கேட்கிறது, நாங்கள் இங்க இருக்கலாமோ, உட்காருவதைக் கேட்டாரா, வாழ்வதைக் கேட்டாரா, இரண்டுக்கும் அவர்கள் வீட்டில் ஒரே சொல்தான், ஜாய்ஸ் தூண்டில் நூலைப் பார்த்துக்கொண்டிருந்தார், ஆறு அசைகிறதா இல்லையா என்று தெரியாமல் போய்க்கொண்டிருந்தது, இவ்வளவு காலமும் இதை ஒருத்தரும் கேக்கேல்லை என்றார் மெதுவாக, தனக்குள் சொல்வதுபோல, பிறகு கையை எட்டி, பக்கத்தில் இருந்த மீன் வாளியை இழுத்துத் தன் மறுபுறம் வைத்தார், அது இருந்த இடத்து மண் ஈரமாக, வட்டமாக, வெறுமையாக இருந்தது, அம்மா அங்கே பாயை விரித்தாள்.